ஒட்டுக் கட்டுமுன் குச்சியின் பூர்விகம் கேளுங்கள்

வீட்டில் எலுமிச்சை, கிச்சிலி, சாத்துக்குடி ஆகியவற்றை ஒட்டுக் கட்டக் கற்பிப்போர் பெரும்பாலும் கத்தியிலிருந்தே தொடங்குகின்றனர். வேர்ச்செடியின் தண்டு பென்சில் பருமனானதும் பட்டையில் ஆங்கில ‘டி’ வடிவில் கீறி, மொட்டைச் செருகி, நீர் இறங்காதபடி கீழிருந்து மேலாகப் பாலித்தீன் நாடாவால் சுற்ற வேண்டும். ஏறத்தாழ மூன்று வாரங்களில் கட்டை அவிழ்க்கும்போது மொட்டுப் பசுமையாக இருந்தால் ஒட்டுப் பிடித்துவிட்டது. இவையனைத்தும் சரியே. ஆயினும் முதற்கேள்வி விடுபட்டுப் போகிறது. அந்த மொட்டு எந்த மரத்திலிருந்து வந்தது?

ஒட்டு என்பது தாய்மரத்தின் படி. ஏடு பெயர்த்து எழுதுபவர் மூலத்தின் பாடத்தோடு அதன் பிழையையும் பெயர்த்துவிடுவதைச் சுவடி பயின்றோர் அறிவர். ஒட்டும் அத்தகையதே. தாய்மரத்தின் சுவையும் மணமும் வருவதுபோலவே அதன் நோயும் வரும். கீறல் எவ்வளவு நேர்த்தியாக அமைகிறதோ அவ்வளவு உறுதியாக நோயும் குடியேறும்.

இதற்கான சான்றைத் தேடி நாம் நெடுந்தொலைவு செல்ல வேண்டியதில்லை. மைசூருவுக்கு மேற்கே உள்ள குடகில், காப்பித் தோட்டங்களினூடே வளர்ந்த ஆரஞ்சு மரங்கள் பெருமளவில் நலிந்துபோயின. புவிசார் குறியீடு பெற்ற அப்பழத்தின் வீழ்ச்சிக்குக் காரணங்கள் பல. அவற்றுள் கிரீனிங் என்னும் பாக்டீரிய நோயும் டிரிஸ்டீசா என்னும் வைரசு நோயும் முக்கியமானவை. இரண்டும் பூச்சிகளால் பரவும். ஒட்டுக்குச்சி வழியாகவும் பரவும். கிரீனிங் கண்ட இலையின் மஞ்சள் திட்டுகள் நடுநரம்பின் இருபுறமும் ஒத்திராமல் தாறுமாறாக இருக்கும். துத்தநாகக் குறைவென்று கருதி உரமிட்டுக் காத்திருப்போர் பலர். அதற்குள் அம்மரத்திலிருந்து நான்கு வீடுகளுக்குக் குச்சி போயிருக்கும்.

நோயின் அடையாளமே இல்லாத மரமும் நம்பத்தக்கதன்று. பிரேசிலில் 1930களிலும் 1940களிலும் புளிப்பு ஆரஞ்சு வேர்ச்செடியில் கட்டிய மரங்கள் டிரிஸ்டீசாவால் பெருந்திரளாக மடிந்தன. ரங்பூர் எலுமிச்சை வேர்ச்செடியில் கட்டியவை அதே வைரசைத் தாங்கி நின்றன. வைரசைச் சுமந்துகொண்டே ஒரு மரம் செழித்துக் காய்க்கக்கூடும் என்பதே இதன் பொருள். ‘அவர்கள் வீட்டு மரம் கொத்துக் கொத்தாகக் காய்க்கிறது’ என்பது குச்சி வாங்கப் போதிய சான்றாகாது.

‘என் கொல்லையில் ஒரே ஒரு மரம், அதனால் யாருக்கு என்ன கேடு?’ என்று கேட்கலாம். கிரீனிங்கைப் பரப்பும் சில்லிட் பூச்சி கறிவேப்பிலையிலும் விரும்பிப் பெருகும். அச்செடி இல்லாத தமிழ், கன்னட வீடுகள் குறைவு. நோயுற்ற மரமும் பூச்சி பெருகும் செடியும் ஒரே தெருவில் இருந்தால், நம் கொல்லையின் வேலி எல்லையாகாது. அமெரிக்காவின் புளோரிடாவில் 2005இல் இந்நோய் கண்டறியப்பட்டது. 2003-04இல் அங்கு 24 கோடிப் பெட்டியாக இருந்த ஆரஞ்சு விளைச்சல், 2022-23இல் 2 கோடிக்கும் கீழே இறங்கியது. புயல்களுக்கும் அதில் பங்குண்டு. எனினும் முதன்மைக் காரணம் இந்நோயே.

வீட்டில் ஒட்டுக் கட்டுவதைக் கைவிட வேண்டும் என்பது என் வாதமன்று. அது கையும் கண்ணும் பொறுமையும் சேர்ந்த அரிய கல்வி. தூய குச்சி எளியோர்க்கும் கிடைக்க வேண்டும் என்பதே என் வாதம். ஒரு மில்லிமீட்டரிலும் சிறிய தளிர்நுனியை ஆய்வகத்தில் ஒட்டி, நோயற்ற தாய்மரம் உருவாக்கும் முறை 1970களிலேயே வந்துவிட்டது. நாகபுரியின் மத்திய சிட்ரஸ் ஆராய்ச்சி நிறுவனம் அம்முறையைக் கையாள்கிறது. கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் ரிவர்சைடு வளாகத்தில் இயங்கும் பாதுகாப்புத் திட்டமோ, சோதித்த குச்சிகளை நாற்றங்கால்களுக்கு மட்டுமன்றி வீட்டுத் தோட்டக்காரர்க்கும் விற்கிறது. நம் தோட்டக்கலைப் பல்கலைக்கழகங்களும் பத்துக் குச்சி கேட்டு வருபவரைப் பயனாளியாக ஏற்க வேண்டும். ஆயிரம் கன்று வாங்குபவருக்கே கதவு திறக்குமாயின், மற்றவர் அண்டை வீட்டு மரத்தைத்தான் நாடுவர்.

அதுவரை நாம் செய்யக்கூடியவை சில உண்டு. குச்சியின் பூர்விகம் தெரியாவிடில் ஒட்டுக் கட்டாதிருக்கலாம். சான்று பெற்ற கன்றை வாங்கலாம். விதையிட்டும் வளர்க்கலாம்; எலுமிச்சையும் கமலா ஆரஞ்சும் விதையிலிருந்தே பெரும்பாலும் தாயை ஒத்து வளர்பவை. முள் மிகும், காய்க்கச் சில ஆண்டுகள் கூடுதலாகும். அந்தக் காத்திருப்பு, தெரு முழுவதற்கும் நோயைப் பகிர்ந்தளிப்பதைவிட மேலானது.