கமிஷன் பார்த்த நிலம்

நான் சட்டம் படிப்பவன் அல்லன். இயற்பியல் இரண்டாமாண்டு மாணவன். எங்கள் வீட்டில் கல்லூரிப் படியேறிய முதல் ஆள் என்பதால் தபாலில் வரும் எந்தக் காகிதமும் என் கைக்குத்தான் வரும். அப்படிக் கோர்ட்டுக் காகிதங்களைப் படித்துப் படித்து உண்டான எண்ணத்தை இங்கே எழுதுகிறேன். பிழையிருந்தால் பேராசிரியப் பெருமக்கள் பொறுத்தருள்க.

‘கமிஷன் பார்க்க வருகிறார்கள்’ என்றால் எங்கள் ஊரே வரப்பில் நிற்கும். நில வழக்கில், இடத்தை நேரில் பார்த்து அறிக்கை தர நீதிமன்றம் ஒரு வழக்கறிஞரை ஆணையராக அனுப்புகிறது. 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் 26ஆம் கட்டளை, 9ஆம் விதி இதற்கு வழி செய்கிறது. அவர் தரும் அறிக்கை வழக்கில் சாட்சியமாகும் என்பது 10ஆம் விதி. கூண்டில் ஏறுகிற மனிதன் பொய் சொல்லலாம். நிலத்தைப் பார்த்து எழுதிய அறிக்கை பொய் சொல்லாது என்று எல்லோரும் நம்புகிறோம். எனக்கு ஐயம் அங்கேதான்.

எங்கள் பங்காளித் தகராறு இரண்டடி வரப்பைப் பற்றியது. ‘இரண்டடிக்கா கோர்ட்டு?’ என்று விடுதி நண்பர்கள் சிரிப்பார்கள். கணக்குப் போடுங்கள். வரப்பின் நீளம் 218 அடி. இரண்டடி நகர்ந்தால் 436 சதுர அடி; ஒரு சென்ட் போயிற்று. கிணற்றிலிருந்து கீழ்வயலுக்குத் தண்ணீர் போகும் வாய்க்கால் அந்த ஒரு சென்ட்டில்தான் இருந்தது.

நான் எட்டாம் வகுப்பில் இருந்தபோது ஆணையர் வந்தார். சர்வேயர் வரவில்லை. பங்காளி ஒரு கல்லைக் காட்ட, அதிலிருந்து டேப் பிடித்தார்கள். “ஐயா, அது நட்ட கல்லு இல்லீங்க, உழும்போது புரண்ட கல்லுங்க” என்றார் அப்பா. “அதையெல்லாம் கோர்ட்டில் சொல்லிக்கொள்ளுங்கள்” என்று பதில் வந்தது. கையெழுத்துக் கேட்டார்கள், போட்டுவிட்டார்.

திருகு அளவியைக் கையில் எடுத்ததும் நாங்கள் முதலில் பார்ப்பது சுழிப் பிழையை. தொடங்கும் இடம் தவறினால், அளவீடு எத்தனை நுட்பமாக இருந்தாலும் விடை தவறுதான். அன்று டேப்பில் குற்றமில்லை, கல்லில் இருந்தது. புல வரைபடத்தை வைத்துக்கொண்டு, சர்வே கற்களிலிருந்து அளந்திருந்தால் அரைநாள் வேலை.

அறிக்கைக்கு ஆட்சேபணை தரலாம்; நீதிமன்ற அனுமதியுடன் ஆணையரையே கூண்டில் ஏற்றி விசாரிக்கலாம்; நீதிமன்றம் நிறைவடையாவிட்டால் மேலும் விசாரிக்கச் சொல்லலாம். எல்லாம் சட்டத்தில் இருக்கிறது. நாங்கள் ஒன்றும் செய்யவில்லை. அறிக்கை ஆங்கிலத்தில் இருந்தது. வடக்கு, தெற்கு என்பதற்கு மேல் எனக்கும் புரியவில்லை. வழக்குத் தோற்றது.

இப்போது மேல்முறையீட்டில், மறுபடி ஆணையரை அனுப்பக் கேட்டிருக்கிறோம். கீழ்க்கோர்ட்டில் விட்ட ஓட்டையை இங்கே அடைக்கப் பார்க்கிறார்கள் என்பது எதிர்த்தரப்பு வாதம். அதில் நியாயம் இல்லை என்று சொல்லமாட்டேன். மேல்முறையீட்டில் புதுச் சாட்சியத்துக்கு 41ஆம் கட்டளை, 27ஆம் விதி குறுகிய வாசலையே வைத்திருக்கிறது. தோற்றவர்கள் எல்லோரும் புதுச் சாட்சியோடு வந்தால் எந்த வழக்கு முடியும்? அதோடு, இன்று வரும் ஆணையர் இன்றைய நிலத்தைத்தான் பார்ப்பார். வாய்க்காலைத் தூர்த்து வைத்த தென்னங்கன்றுகள் இன்று ஆளுயரம் தாண்டிவிட்டன. அனுபவம் யாருடையது என்று அந்தத் தென்னைகளைப் பார்த்து எழுதினால் அது அநியாயம்.

ஆனால் எல்லை வேறு. சர்வே கல்லும் புல வரைபடத்து அளவும் தென்னையைப் போல் வளர்வதில்லை. ஆகவே அனுபவத்துக்காக ஆணையர் கேட்டால் மறுக்கட்டும். அளவுக்காகக் கேட்டால், மேல்முறையீடானாலும் சர்வேயரோடு அனுப்பவேண்டும் என்பதே என் கருத்து. அரியானா வக்பு வாரியத்தின் வழக்கு ஒன்றில், எல்லை அளவு பற்றிய தகராறு என்பதால் ஆணையரை அனுப்புவது குறித்து உயர் நீதிமன்றம் எண்ணிப் பார்த்திருக்க வேண்டும் என்று 2008இல் உச்ச நீதிமன்றம் கூறியது. அளக்காமல் எல்லைக்குத் தீர்ப்பெழுதுவது, ஆய்வகத்துக்குள் போகாமலே ரெக்கார்டு நோட்டு எழுதுவது மாதிரி. (நம்மில் சிலருக்கு அந்த வித்தை கைவந்தது!)

என்னைப் போல் வீட்டில் முதலாவதாகப் படிக்க வந்த நண்பர்களிடம் ஒன்று கேட்பேன். உங்கள் வீட்டுக்கு அப்படி ஓர் அறிக்கை வந்தால், அன்றிரவே அப்பாவை உட்காரவைத்துத் தமிழில் படித்துக் காட்டுங்கள். எந்தக் கல்லிலிருந்து அளந்தார்கள் என்று அவரையே கேளுங்கள்.

எங்கள் மனு மீது அடுத்த வாய்தாவில் உத்தரவு வரலாம். அப்பாவோடு நானும் போகிறேன். புல வரைபட நகல் என் ரெக்கார்டு நோட்டுக்குள் இருக்கிறது.