துணை வேடத்தின் பெருமை

அரச வேடம் கிடையாவிடின் மேடையேறுவதே வீண் என்னும் எண்ணம் நம் மாணாக்கரிடையே மட்டுமன்றிப் பெற்றோரிடையேயும் காணப்படுகின்றது. அது கலைக்கும் கல்விக்கும் ஒவ்வாதது என்பது எமது துணிபு. இதற்குச் சான்றாக டி. எஸ். பாலையாவின் கலைவாழ்வை எடுத்துக்காட்ட விரும்புகின்றோம்.

1914 இல் பிறந்த பாலையா நாடகமேடையிற் பயின்றவர். 1936 இல், அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'சதி லீலாவதி' வாயிலாகத் திரைக்கு வந்தார். அதே படத்திற் சிறு வேடந் தாங்கி அறிமுகமான எம். ஜி. இராமச்சந்திரன் பின்னர் கதாநாயகராய் உயர்ந்தார். பாலையாவோ 1972 இல் மறையும்வரை, வஞ்சகனாகவும் தந்தையாகவும் நகைச்சுவைப் பாத்திரமாகவும் பெரும்பாலும் பிறர் பக்கத்திலேயே நின்றார். எனினும் அவரை மறந்தார் யார்?

'காதலிக்க நேரமில்லை' (1964) படத்தில் நாகேஷ் திகிற்கதை சொல்லும் காட்சியை எண்ணிப் பார்ப்போம். சொல்பவர் நாகேஷ், கேட்பவர் பாலையா. கேட்பவர் முகத்தில் அச்சம் படிப்படியாக ஏறாவிடின், சொல்பவரின் திறமை எங்ஙனம் விளங்கும்? 'திருவிளையாடல்' (1965) படத்தில் ஏமநாத பாகவதராய்ப் பாடும் குரல் பாலமுரளிகிருஷ்ணாவினுடையது. ஆனால் அச்செருக்கு முழுவதும் பாலையாவினுடையது. அச்செருக்கு அத்துணை ஓங்கி நின்றமையாலன்றோ, விறகு விற்பவராய் வந்த இறைவனின் இசை கேட்டு அது அடங்குவது நம் நெஞ்சைத் தொடுகின்றது!

'தில்லானா மோகனாம்பாள்' (1968) படத்தில் அவர் நாதசுரத்துக்குப் பக்கமிருக்கும் தவிற்காரர். தவில் மேதை தெட்சணாமூர்த்தியைப் பெற்ற யாழ்ப்பாணத்தவர்க்குப் பக்கவாத்தியத்தின் அருமையை நாம் எடுத்துரைக்கவும் வேண்டுமோ? கோயில் வீதியில் விடியவிடிய அமர்ந்து தவிற்சமாவை வியப்பவர் நாம். ஆயினும் நம் பிள்ளைக்குத் துணை வேடம் என்றவுடன் முகஞ் சுளிக்கின்றோம்.

துணை நடிகர்க்குப் புகழும் ஊதியமும் குறைவென்பது மெய்யே. அக்குறை நடிப்பின் குறையன்று. மதிப்பிடும் நம் குறை. ஆதலின், முதல் வேடத்துக்கு மட்டும் பரிசளிக்கும் வழக்கம் எந்தப் பாடசாலையிலிருப்பினும் அது மாறவேண்டும். நாடகப் போட்டிகளிற் சிறந்த துணை நடிகனுக்கும் ஒரு பரிசு ஏற்படுத்த வேண்டும். அதற்குரிய பொருளுதவியை மனமுவந்து அளிக்கப் பழைய மாணவர் முன்வருதல் நன்று. தன் முறை வரும்வரை பொறுத்திருந்து, பிறன் பேசுவதைச் செவ்வனே கேட்கும் மாணவனையும் நம் மேடை போற்றட்டும்.