மகிழடிக்கு வந்து சொல்!



திருவொற்றியூர்க் கோயிலுக்குள்ளே ஒரு மகிழ மரம். பூவோ சிறிது; உதிர்ந்து காய்ந்த பின்னும் மணம் போகாது. அந்த மரத்தைப் பற்றி இந்தக் கடற்கரை நெடுங்காலமாய் ஒரு கதை சொல்லி வருகிறது. மாசித் திருவிழாவில் ‘மகிழடி சேவை’ என்று ஆண்டுதோறும் நடத்தியும் காட்டுகிறது. பக்தர் பார்க்கிறார், பரவசப்படுகிறார், பிரசாதம் பெற்று வீடு திரும்புகிறார். கதைக்குள் இருக்கும் வழக்கை விசாரிப்பார் இல்லை! நாம் விசாரிப்போம்.

ஞாயிறு என்னும் ஊரிற் பிறந்த நங்கை சங்கிலி. ஒற்றியூர்க் கன்னிமாடத்தில் தங்கி, இறைவனுக்கு மாலை தொடுப்பது அவள் பணி. ஆரூரிலே பரவையை மணந்து வாழ்ந்த சுந்தரர் இங்கே வருகிறார், மாலை தொடுக்கும் மங்கையைக் காண்கிறார், மனத்தைப் பறிகொடுக்கிறார். தோழனாம் சிவனையே துணைக்கு அழைக்கிறார். “ஆரூரில் மனைவியுடன் வாழ்பவர் ஆயிற்றே அவர்?” என்கிறாள் சங்கிலி. “உன்னைப் பிரியேன் என்று சூளுரைத்துத் தருவான்” என்கிறான் இறைவன், கனவில்.

சூள் என்றதும் சுந்தரருக்குச் சங்கடம். ஊர் ஊராய்ச் சென்று பாடுபவர் ஒற்றியூரிலேயே ஒட்டிக்கொண்டு இருக்க முடியுமா? பிறக்கிறது ஒரு சூழ்ச்சி! “நான் சன்னதியில் சத்தியம் செய்ய வரும்பொழுது நீர் எழுந்துபோய் மகிழின் கீழ் இருந்துவிடும்” என்று வேண்டுகிறார். சாட்சி எழுந்துபோன மண்டபத்தில் சத்தியம்! சொன்னதாகவும் இருக்கும், கட்டுப்படுத்தாமலும் இருக்கும்.

பொழுது விடிகிறது. நாடகம் எழுதிப் பிழைக்கும் எனக்கு இதைவிட நல்ல காட்சி இதுவரை வாய்த்ததில்லை. சன்னதி வாயில். சுந்தரர் காலெடுத்து வைக்கிறார். தோழிப் பெண்கள் இடைமறிக்கிறார்கள்: “இதற்காக இறைவன் திருமுன் நிற்பதா? மகிழடி போதும், ஐயா!” அவ்வளவுதான். மறுத்தால் குட்டு வெளிப்படும். மரத்தை மூன்று முறை வலம் வந்து, பிரியேன் என்கிறார்.

அந்தப் பெண்களுக்கு யோசனை வந்ததும் சிவனருளால்தான், அவனே சங்கிலியின் கனவில் வந்து சொல்லிவிட்டான் என்கிறது பெரியபுராணம். இருக்கட்டும். ஏமாற வேண்டியவள் எவளோ, அவள் சத்தியத்தின் இடத்தை மாற்றிவிட்டாள்! கதையின் உயிர்நாடி அங்கே துடிக்கிறது.

பிறகு நடந்தது நீங்கள் அறிந்ததே. ஆரூரில் வசந்த விழா நினைவுக்கு வந்தது; ஒற்றியூர் எல்லையைத் தாண்டினார்; கண்ணிரண்டும் போயின. வெண்பாக்கத்தில் ஊன்றுகோல், காஞ்சியில் ஒரு கண், ஆரூரில் மறுகண். (அந்த வெண்பாக்கத்துப் பழைய கோயில், சென்னைக்குக் குடிநீர் தர 1944-இல் அமைந்த பூண்டி நீர்த்தேக்கத்தில் மூழ்கிப்போனது தனிக்கதை.) கதை சொல்லும் பெரியோர் என்ன செய்கிறார்கள்? பார்வை இழந்தவர் பின்னே பரிவோடு நடக்கிறார்கள்! ஊடிய பரவையின் வாயிலுக்கு இறைவனே இருமுறை தூது நடந்ததை உருகி உருகி உரைக்கிறார்கள். ஒற்றியூரில் நின்றவள் வாயிலுக்கு எந்தத் தூது நடந்தது? கேட்டால், ‘எல்லாம் திருவிளையாடல்’ என்பார்கள். விளையாடியவர் இருவர்; வாடியவள் ஒருத்தி!

பழங்கதை எதற்கு என்பீர். கோயில் வாயிலிலிருந்து வடக்கே எண்ணூர்வரை நடந்து பாருங்கள். 2017 சனவரி 28: துறைமுகத்தருகே இரு கப்பல்கள் மோதின, கரையில் படிந்த எண்ணெயை மனிதர்கள் வாளியால் அள்ளினார்கள். 2023 திசம்பர்: புயல் வெள்ளத்தோடு மணலியிலிருந்து எண்ணெய் வந்து எண்ணூர்க் கழிமுகத்தை மூடியது, படகும் வலையும் கறுத்தன. அதே மாதம் 26 இரவு, பெரியகுப்பத்தில் அம்மோனியா. உறங்கிய குழந்தையை அள்ளிக்கொண்டு ஊரே ஓடியது. அனல்மின் நிலையச் சாம்பலோ கொற்றலை ஆற்றில் ஆண்டுக்கணக்கில் படிந்து கிடக்கிறது.

சத்தியம் செய்யாமலா ஆலைகள் வந்தன? 2006-ஆம் ஆண்டின் அறிவிக்கைப்படி, பெருந்திட்டங்களுக்கு மக்கள் கருத்தைத் திட்டம் அமையும் இடத்திலோ அதன் அருகிலோ கேட்க வேண்டும். பந்தல் போட்டுக் கேட்பது இங்கே. நிபந்தனை எழுதுவதோ தொலைவில், கோப்புகளுக்கு நடுவே! நிபந்தனையைக் காத்தோம் என்று ஆறு மாதத்துக்கு ஒருமுறை அறிக்கை தருவது யார்? ஆலையேதான்! ‘சங்கிலியைப் பிரியவில்லை’ என்று ஆரூரில் இருந்துகொண்டு சுந்தரர் ஆறு மாதத்துக்கு ஓர் ஓலை அனுப்புவதை எண்ணிப் பாருங்கள். சாட்சி எழுந்துபோன சன்னதி இதுவன்றி வேறென்ன?

வேலை தருகிறோமே என்பார்கள். தருகிறார்கள், மறுக்கவில்லை. ஆலைச் சங்கொலிக்கு எழுந்து உழைத்த ஊர் இது. தொழில் வேண்டாம் என்று ஒற்றியூர் சொன்னதில்லை. சங்கிலியும் திருமணம் வேண்டாம் என்று சொல்லவில்லையே! சொன்னால் சொன்னபடி இரு என்றாள்.

ஆகவே, அதிகாரிகளே, ஆலை அதிபர்களே, அடுத்த மாசியில் அந்த அறிக்கைகளை எடுத்துக்கொண்டு ஒற்றியூருக்கு வாருங்கள். குளிர்காற்று அறை வேண்டாம். இடுப்பளவு நீரில் நின்று இறாலும் நண்டும் தடவிப் பிடிக்கிறார்களே எண்ணூர்ப் பெண்கள், அவர்கள் முன்வரிசையில் அமரட்டும். தமிழில், உரக்க, ஒரு வரி விடாமல் படியுங்கள். பொய்யான வரி வந்தால் “நில்!” என்பார்கள், அங்கேயே நிறுத்துங்கள்.