பூட்டுடைத்த மென்பொருள்

விலை கொடுத்து வாங்க வேண்டிய போட்டோஷாப் போன்ற மென்பொருள்களின் உரிமப் பூட்டை உடைத்த பிரதியைத் தேடிப் பிடிப்பது, இன்று மாணவியர் பலருக்கு ஒரு திறமையாகவே தோன்றுகிறது. 'கிராக்' கிடைத்துவிட்டது என்று ஒருத்தி சொன்னால், "எனக்கும் கொடு" என்போரே மிகுதி.

இப்பிரதியைத் தருவோர் முதலில் என்ன சொல்கின்றனர்? வைரஸ் தடுப்பு நிரலை நிறுத்திவிட்டு நிறுவுங்கள் என்கின்றனர்! முன்பின் அறியாத ஒருவன் வாசலில் நின்று, "நாயைக் கட்டிப்போட்டுவிட்டுக் கதவைத் திற" என்றால் திறப்போமா? 2018 முதல் பரவிய 'ஸ்டாப்' என்னும் தீநிரல், பெரும்பாலும் இத்தகைய கோப்புகளின் வழியாகவே வீட்டுக் கணினிகளுக்குள் புகுந்தது. படங்களையும் பாடக் குறிப்புகளையும் திறக்க முடியாதபடி பூட்டிவிட்டு, 980 டாலர் கேட்டது. 72 மணி நேரத்துக்குள் கட்டினால் 490 டாலராம். (தள்ளுபடி தரும் கொள்ளையரை இங்குதான் காண்கிறோம்!) 2019இல் எம்சிசாஃப்ட் நிறுவனம் இலவசத் திறவுகோல் ஒன்றை வெளியிட்டது. எனினும், பின்னர் வந்த வகைகள் பலவற்றுக்கு அது பயன்படவில்லை. தந்தையார் வங்கிக் கணக்கைப் பார்ப்பதும் பெரும்பாலும் அதே கணினியில்தான் என்பதைப் பெற்றோர் எண்ணிப் பார்த்தல் நலம்.

பிரதி எடுத்தால் உரியவரிடம் ஏதும் குறைவதில்லையே என்று சிலர் வாதிடுவர். தேர்வு அறையில் பக்கத்துப் பெண்ணின் விடையைப் பார்த்து எழுதினாலும், அவளுடைய தாளில் ஓர் எழுத்தும் குறைவதில்லை. அதனை நியாயம் என்று எவரும் சொல்லக் கேட்டதில்லை. நம் நாட்டின் 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டமும், திருட்டுப் பிரதியென அறிந்தே கணினியில் பயன்படுத்துவோருக்கு 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறைத் தண்டனை விதிக்க இடமளிக்கிறது. வணிக நோக்கம் இல்லையெனில் அபராதத்தோடு விடவும் கூடும்.

விலை அதிகம் என்னும் குறை மெய்யானதே. மாதச் சம்பளக் குடும்பங்களுக்கு அது எட்டாது. ஆனால் எட்டும் வழியும் உண்டு. 1995இல் அமெரிக்காவின் பெர்க்லி பல்கலைக்கழக மாணவர் இருவர் எழுதத் தொடங்கிய 'கிம்ப்' இன்றும் இலவசமே. பிரதி எடுத்துத் தோழிக்குக் கொடுப்பதும் குற்றமன்று. கட்டுரை தட்டச்சிட 'லிப்ரே ஆபீஸ்' இருக்கிறது, தமிழ் இடைமுகத்துடன். போட்டோஷாப் செய்யும் அனைத்தையும் கிம்ப் செய்யும் என்று நான் சொல்லவில்லை. ஆண்டு விழா அழைப்பிதழுக்கும் அறிவியல் கண்காட்சிச் சுவரொட்டிக்கும் அது தாராளமாகப் போதும். பள்ளிக் கணினி அறை முழுவதிலும் அதை நிறுவ ஒரு சனிக்கிழமைப் பிற்பகல் கிடைத்தால் போதும்.