தினக்கூலியும் தொழிலாளியே

உத்தரப்பிரதேசத்தின் காசியாபாத் மாநகராட்சியில் 1998 முதல் தினக்கூலிகளாகப் பூங்காக்களையும் சாலையோர மரங்களையும் பராமரித்துவந்த தொழிலாளர்கள், 2004இல் நிரந்தரம் கோரித் தொழில் தகராறு எழுப்பினர். சமரச அதிகாரியின் முன் அது நிலுவையில் இருந்தபோதே, 2005 ஜூலையில், முன்னறிவிப்போ இழப்பீடோ இன்றி அவர்கள் வேலையிலிருந்து நிறுத்தப்பட்டனர். இந்த வேலைநீக்கம் சட்டவிரோதமானது என்றும், அவர்களை மீண்டும் பணியில் அமர்த்திப் பாதி நிலுவை ஊதியம் வழங்க வேண்டும் என்றும் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்த நாள் 2025 ஜனவரி 31. இடையில் கழிந்தவை ஏறத்தாழ இருபது ஆண்டுகள்.

சட்டம் இல்லாமையால் நேர்ந்த தாமதமல்ல இது. 1947ஆம் ஆண்டின் தொழில் தகராறு சட்டம் தினக்கூலி, நிரந்தரம் என்று தொழிலாளியைப் பிரிக்கவில்லை. பன்னிரண்டு மாதங்களில் 240 நாட்கள் பணியாற்றியவர் ஓராண்டுத் தொடர்பணி முடித்தவர். ஊதியம் வழங்கப்பட்ட ஞாயிறுகளும் விடுமுறைகளும் இக்கணக்கில் சேரும் என்று உச்சநீதிமன்றம் 1985இலேயே தெளிவுபடுத்தியது. அத்தகையவரை ஆட்குறைப்புச் செய்ய ஒரு மாத முன்னறிவிப்பு அல்லது அதற்கீடான ஊதியமும், ஒவ்வோர் ஆண்டுப் பணிக்கும் 15 நாள் சராசரி ஊதியமும் தரவேண்டும். கடைசியாகச் சேர்ந்தவரே முதலில் நீக்கப்பட வேண்டும். ‘நாளை முதல் வரவேண்டாம்’ என்ற மேற்பார்வையாளரின் வாய்மொழிக்கு இச்சட்டத்தில் இடமில்லை.

ஆயினும் அரசு நிறுவனங்கள் 2006ஆம் ஆண்டின் உமாதேவி வழக்குத் தீர்ப்பைக் கேடயமாக்கிக்கொண்டன. உரிய தேர்வு முறையின்றி நியமிக்கப்பட்டோர் நிரந்தரத்தை உரிமையாகக் கோர இயலாது என்றது அரசியல் சாசன அமர்வு. ஆனால் நிரந்தரம் பெறும் உரிமை வேறு. சட்டவிரோதமாக நீக்கப்படாமல் இருக்கும் உரிமை வேறு. முதலாவதைப் பற்றிய தீர்ப்பைக் காட்டி இரண்டாவதையும் மறுப்பதே கடந்த இருபதாண்டு நிர்வாகத் தந்திரம். தொழில் நீதிமன்றங்களின் அதிகாரத்தை உமாதேவி தீர்ப்பு பறிக்கவில்லை என்று மகாராஷ்டிர அரசுப் போக்குவரத்துக் கழக வழக்கில் 2009இலேயே கூறப்பட்டது. அனுமதிக்கப்பட்ட பணியிடங்களில் பத்தாண்டுகளுக்கு மேல் உழைத்தோரை ஒருமுறை நடவடிக்கையாக நிரந்தரப்படுத்த உமாதேவி தீர்ப்பே வழிசொன்னதையோ நிர்வாகங்கள் வசதியாக மறந்தன.

நீதிமன்றங்களும் ஒரே சீராக நிற்கவில்லை. தினக்கூலியின் நீக்கம் சட்டவிரோதமெனினும், மீண்டும் வேலை தருவதற்குப் பதிலாகத் தொகையொன்றை வழங்கினால் போதும் என்ற போக்கு 2009க்குப் பின் வலுப்பெற்றது. சட்டத்தை மீறுவதற்கு விலை குறிக்கப்பட்டால், அவ்விலையைச் செலுத்திவிட்டு மீறுவதற்கு எந்த நிர்வாகம் தயங்கும்? 2024 டிசம்பரில் மத்திய நீர் ஆணையத் துப்புரவுத் தொழிலாளர் வழக்கிலும், 2025 ஆகஸ்டில் உத்தரப்பிரதேச உயர்கல்விப் பணி ஆணைய வழக்கிலும் உச்சநீதிமன்றம் காட்டிய மாற்றம் வரவேற்கத்தக்கது. அதனை நம்பி மட்டும் இருந்துவிட இயலாது.

ஏனெனில் களத்தின் தரையே மாறிவிட்டது. 2025 நவம்பர் 21இல் நடைமுறைக்கு வந்த தொழில் உறவுகள் சட்டத் தொகுப்பு, 240 நாள் விதியையும் 15 நாள் இழப்பீட்டையும் ஏட்டில் வைத்திருக்கிறது. அதே வேளையில், குறித்த கால வேலை முடிவடைவதை ஆட்குறைப்பு என்ற வரையறையிலிருந்தே விலக்கிவிட்டது. அத்தகைய வேலைக்குக் குறைந்தபட்சக் காலமும் இல்லை, எத்தனை முறை புதுப்பிக்கலாம் என்ற வரம்பும் இல்லை. ஓராண்டு முடித்தால் பணிக்கொடை என்பது காட்டப்படும் இனிப்பு. ஆட்குறைப்புக்கு அரசின் முன்அனுமதி பெறவேண்டிய ஆலைகளின் வரம்பு 100 தொழிலாளரிலிருந்து 300ஆக உயர்த்தப்பட்டுள்ளது. நீக்கப்பட்டவர் தீர்ப்பாயத்தை நாடும் கால அவகாசமோ மூன்றாண்டிலிருந்து இரண்டாண்டாகச் சுருக்கப்பட்டுள்ளது. முன்பு சட்டத்தை மீறிச் செய்ததை இனி நியமனக் கடிதத்திலேயே தேதியிட்டுச் செய்யலாம்.

இந்நிலையில் தொழிற்சங்க இயக்கத்தின் கடமை இரண்டு. முதலாவது, சான்று. 240 நாட்கள் வேலை செய்ததை மெய்ப்பிக்கும் பொறுப்பு தொழிலாளியின் மீது உள்ளது. மஸ்டர் ரோல் இருப்பதோ நிர்வாகத்தின் அலமாரியில். தொழிலாளி சாட்சியமளித்து மஸ்டர் ரோலைக் கோரிய பின்னும் நிர்வாகம் மறைத்தால், அதற்கு எதிராக நீதிமன்றம் முடிவுகொள்ள இயலும். எனவே வாயிற் சீட்டு, வங்கிப் பதிவு, வைப்புநிதிக் கணக்கு, வேலை நாட்களைக் குறித்த ஏடு ஆகியவற்றை வேலையில் இருக்கும்போதே சேர்த்துவைக்கத் தொழிலாளிக்குக் கற்பிப்பது சங்கத்தின் அன்றாடப் பணியாக வேண்டும். வேலை போன பிறகு தேடினால் இவற்றுள் பாதி கிடைக்காது.

இரண்டாவது, அமைப்பு. ஒரே வேலையை ஒரே கூரையின் கீழ்ச் செய்யும் நிரந்தரத் தொழிலாளிக்குச் சங்கமும் தினக்கூலிக்கு அனுதாபமும் என்ற நிலை நீடிக்குமானால், அது முதலாளிகளின் பிரிவினையை நாமே ஏற்றுக்கொண்டதாகும். இன்று தினக்கூலியை நீக்கும் அதே பேனா, நாளை நிரந்தரப் பணியிடத்தையும் ஒழிக்கும். தினக்கூலியின் பெயர் சங்க உறுப்பினர் பட்டியலிலும், அவரது பணிப்பாதுகாப்பு கோரிக்கை மனுவின் முதல் வரியிலும் இடம்பெற வேண்டும். குறித்த கால வேலைமுறையை ஒழிப்பது, மஸ்டர் ரோலைத் தொழிலாளிக்குத் திறந்துவைப்பது, மூன்றாண்டு அவகாசத்தை மீட்பது ஆகிய மூன்றையும் முன்வைத்து நாடெங்கும் போராடாமல் காசியாபாத் தொழிலாளர் பெற்ற நீதி பிறருக்குக் கிட்டாது. கிட்டினும், அது இருபதாண்டு கழிந்தே கிட்டும்.