எந்த வாசலில் தொடங்குவது?

தரங்கம்பாடியில் வழிகாட்டியோடு போகிற நடை 1792-ல் கட்டிய நகர வாயிலில்தான் வழக்கமாகத் தொடங்குகிறது. வண்டியை விட்டு இறங்கி, வெள்ளையடித்த அந்த வளைவுக்குள் புகுந்தால் ராஜ வீதி. இரண்டு பக்கமும் தூண் வைத்த தாழ்வாரங்கள், கோடியில் கடல். 1701-ல் எழுந்த சீயோன் ஆலயம், 1718-ல் பிரதிஷ்டையான புதிய எருசலேம் ஆலயம், ஆளுநர் மாளிகை, கடைசியில் டான்ஸ்போர்க் கோட்டை. மாசிலாமணி நாதர் கோயிலைப் பற்றிக் கேட்டால் “நேரமிருந்தா பார்க்கலாம் சார்” என்கிறார்கள். வெயில் ஏறிய பிறகு யாருக்கு நேரமிருக்கிறது?

வழிகாட்டிகள் மேல் குறை சொல்ல ஒன்றுமில்லை. கையில் கொடுத்த பாதையில் அவர்கள் நடக்கிறார்கள். பாதையைப் போட்டவர்கள்தான் இந்த ஊர் 1620-ல் பிறந்தது என்று முடிவு செய்துவிட்டார்கள்.

அந்த ஆண்டில் நடந்தது ஒரு வியாபார ஒப்பந்தம். மிளகு வாங்க வந்த டேனிஷ்காரர்களுக்கு இலங்கையில் எதிர்பார்த்தது கிடைக்கவில்லை. அவர்களுடைய முன்னோடிக் கப்பலைக் காரைக்கால் அருகே போர்த்துகீசியர்கள் அழித்துவிட்டார்கள். தப்பித்த ரோலண்ட் கிராப்பே தஞ்சாவூர் அரண்மனைக்குப் போய்ச் சேர்ந்தார். நாகப்பட்டினத்தில் போர்த்துகீசியர்கள் வேரூன்றியிருந்த நேரம் அது. அவர்களுக்குப் போட்டியாக இன்னொரு ஐரோப்பியக் கூட்டம் கரையில் இருப்பது தஞ்சாவூரை ஆண்ட ரகுநாத நாயக்கருக்கும் வசதிதான். டேனிஷ் தளபதி ஓவே கெட்டேயோடு உடன்பாடு ஆனது. டென்மார்க் அரசர் நான்காம் கிறிஸ்டியனுக்குப் பொன் ஓலையில் தமிழில் எழுதிய கடிதமும் போனது. அந்த ஓலை இன்று கோபன்ஹேகன் ஆவணக்காப்பகத்தில் இருக்கிறது. இத்தனையும் நடந்தபோது இந்தக் கரையில் ஊர் இருந்தது, வலை காய்ந்தது, கோயில் மணி அடித்தது. வெறும் மணலை யாரும் யாருக்கும் எழுதிக் கொடுப்பதில்லை.

மாசிலாமணி நாதர் கோயில் மாறவர்மன் குலசேகர பாண்டியன் காலத்தது, 1306-ல் எழுந்தது. அங்கிருந்து 1620 வரை 314 ஆண்டுகள். டேனிஷ்காரர்கள் இங்கே இருந்ததோ மொத்தம் 225 ஆண்டுகள். கோயிலின் முன்பகுதியைக் கடல் கொண்டுபோய்விட்டது. மிச்சமிருப்பதைக் காப்பாற்றக் கருங்கற்களைக் கொட்டியிருக்கிறார்கள். அலை அவற்றில் மோதித் தெறிக்கிறது. உப்புக் காற்று பட்ட கல்லில் செதுக்கின் விளிம்புகள் மழுங்கிவிட்டன. விரலால் தடவினால், இங்கே ஒரு வளைவு இருந்திருக்க வேண்டும் என்று கை சொல்கிறது, கண்ணுக்குத் தெரியவில்லை. இந்த ஊரின் மிகப் பழைய சாட்சி, நேரமிருந்தால் பார்க்கிற இடம்!

டேனிஷ் காலம் என்று நாம் சொல்வதையே கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்க்கலாம். 1639-க்குப் பிறகு ஏறக்குறைய 30 ஆண்டுகள் டென்மார்க்கிலிருந்து இங்கே ஒரு கப்பலும் புறப்படவில்லை. ஐரோப்பாவில் போர், டேனிஷ் கிழக்கிந்தியக் கம்பெனிக்குக் கடன். 1650-ல் கம்பெனியையே கலைத்துவிட்டார்கள். அதைப் பற்றிக் கோட்டையில் இருந்தவர்களுக்கு யார் வந்து சொல்லப் போகிறார்கள்? செத்தவர்கள் செத்தார்கள், போனவர்கள் போனார்கள். 1655 வாக்கில் டான்ஸ்போர்க்கில் எஞ்சியிருந்த டேனிஷ்காரர் ஒரே ஒருவர், எஸ்கில் கோங்ஸ்பாக்கே. பிரபு வம்சமில்லை, சாதாரண ஆள். உள்ளூர் வீரர்களையும் போர்த்துகீசிய வழி வந்தவர்களையும் வைத்துக்கொண்டு கோட்டைக் கொடியை இறக்காமல் நின்றார். வங்கக் கடலில் போன கப்பல்களைப் பிடித்துப் பணம் பார்த்தார். கப்பப் பாக்கி கேட்டுத் தஞ்சாவூர்ப் படை வந்தபோது ஊரைச் சுற்றி மதில் எழுப்பினார். 1669-ல் ‘ஃபேரோ’ என்ற கப்பல் வந்து சேர்ந்தபோது கோட்டை இன்னும் டென்மார்க் அரசருடையதாகவே இருந்தது.

அந்த 14 ஆண்டுகளில் இதை யாருடைய ஊர் என்பது? சோறு போட்டவர்கள், செங்கல் அறுத்தவர்கள், சுண்ணாம்பு சுட்டவர்கள், மதிலில் காவல் நின்றவர்கள் எல்லோரும் இந்தக் கரைக்காரர்கள். அவர்களில் ஒருவர் பேரும் பலகையில் இல்லை. கோங்ஸ்பாக்கேயின் கதையையும் வழிகாட்டிகள் பெரும்பாலும் சொல்வதில்லை. எனக்கு அதுதான் வருத்தம், ஏனென்றால் கோட்டையின் கதைகளில் இதைவிடச் சுவையானது இல்லை.

ஜெர்மானிய மிஷனரி சீகன்பால்கு விஷயம் வேறு. அவரைப் பற்றி நிறையவே சொல்கிறார்கள், சில சமயம் கூடுதலாகவும். இந்தியாவின் முதல் அச்சுக்கூடம் இங்கேதான் வந்தது என்ற பேச்சு அடிக்கடி காதில் விழுகிறது. கோவாவில் 1556-லேயே அச்சு வந்துவிட்டது. தமிழ் எழுத்தில் ‘தம்பிரான் வணக்கம்’ 1578-ல் கொல்லத்தில் அச்சாகிவிட்டது. இங்கே நடந்ததற்கு அந்தப் பொய்ப் பட்டம் தேவையே இல்லை. 1706 ஜூலை 9-ல் ஹைன்ரிஷ் புளூட்சாவோடு வந்து இறங்கிய இளைஞர், மணலில் எழுதிப் பழகும் சிறுவர்களோடு உட்கார்ந்து தமிழ் கற்றார். ஆளுநரோடு முட்டிக்கொண்டு கோட்டைச் சிறையில் நான்கு மாதம் கிடந்தார். 1715-ல் புதிய ஏற்பாட்டைத் தமிழில் அச்சிட்டு முடித்தார். ஜெர்மனியின் ஹாலே நகரத்திலிருந்து வந்த தமிழ் எழுத்துகள் பெரிய அளவில் இருந்ததால் காகிதம் கட்டுப்படியாகவில்லை. மிஷனுக்கு உதவிய லண்டன் சங்கம் ஒன்று அனுப்பிய பாலாடைக்கட்டி, ஈயம் பூட்டிய டப்பாக்களில் வந்திருந்தது. அந்த ஈயத்தை உருக்கிச் சின்ன எழுத்து வார்த்தார்கள். 36 வயதில், 1719-ல், அவர் இறந்தபோது தான் கட்டிய ஆலயத்துக்குள்ளேயே அடக்கமானார்.

ஆனால் தமிழை அவர் காற்றிலிருந்து பிடிக்கவில்லை. திண்ணைப் பள்ளிக்கூடம் நடத்திய முதிய வாத்தியார் ஒருவர் எழுத்தறிவித்தார். கம்பெனிக்குத் துபாஷியாக இருந்த, போர்த்துகீசியம் அறிந்த அழகப்பன் பேச்சுத் துணையாகவும் மொழிபெயர்ப்பாளராகவும் இருந்தார். அந்த உறவுக்காகக் கம்பெனியின் கோபத்தையும் சம்பாதித்துக்கொண்டார். சீகன்பால்கு 1708-ல் தன் ஏட்டுச் சுவடிகளுக்குப் பட்டியல் போட்டபோது அதில் தொல்காப்பியமும் திருக்குறளும் உட்பட 119 தமிழ் நூல்கள் இருந்தன. அவை எப்படிச் சேர்ந்தன என்று அவரே எழுதியிருக்கிறார்: எழுத்தர்களை உள்நாட்டுக்கு அனுப்பி, இறந்துபோன படிப்பாளிகளின் விதவைகளிடம் மலிவாக வாங்கினார். கணவன் போன வீட்டில், பரணிலிருந்து இறக்கிய கட்டுகளை விலை பேசி வாங்கிய அந்தக் காட்சி எந்த நினைவுச்சின்னத்திலும் இல்லை. நம் நூல்களை முதன்முதலாக ஒழுங்காகப் பட்டியலிட்டவர்களில் ஒருவர் என்று அவரைக் கொண்டாடலாம், தப்பில்லை. யார் வீட்டு ஏடு என்றும் கேட்டு வைக்கலாம்.

1712 முதல் 1714 வரை தமிழர்கள் அவருடைய கேள்விகளுக்கு எழுதிய பதில்கள் 99 கடிதங்களாக ஹாலேயில் ஜெர்மன் மொழியில் அச்சாயின. கல்யாணம், வைத்தியம், சாமி, நீங்கள் ஏன் எங்கள் மதத்துக்கு வருவதில்லை என்று எல்லாவற்றையும் பற்றி. அவற்றில் பெரும்பாலானவை அழகப்பன் கை என்கிறார்கள் ஆய்வாளர்கள். 18-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சாதாரணத் தமிழன் ஒருவன் ஐரோப்பியனிடம் பதிலுக்குப் பதில் வாதாடியதை வாசிக்க நாம் ஜெர்மன் வழியாகப் போக வேண்டியிருக்கிறது. ராஜ வீதியில் நிற்க வைத்து அந்தக் கடிதங்களின் விஷயத்தை இரண்டு நிமிஷம் சொன்னால் போதும், நடை வேறு மாதிரி ஆகிவிடும்.

1845-ல் டேனிஷ்காரர்கள் இதையும் வங்காளத்து ஸ்ரீராம்பூரையும் சேர்த்து 12.5 லட்சம் ரூபாய்க்கு ஆங்கிலக் கம்பெனிக்கு விற்றுவிட்டுப் போனார்கள். 1860 வரை தஞ்சாவூர் ஜில்லாவின் கலெக்டர் இங்கேதான் இருந்தார். பிறகு அவரும் போனார். ரயில் நாகப்பட்டினத்துக்குப் போனதும் சரக்கும் அங்கே போயிற்று. வெகு காலம் கழித்து மாயவரத்திலிருந்து ஒரு கிளைப் பாதை வந்தது. 1986-ல் அதுவும் நின்றது. ஒரு விதத்தில் இந்த நொடிப்புதான் ஊரைக் காப்பாற்றியது. இடித்துக் கட்டக் கையில் காசு இருந்திருந்தால் ராஜ வீதியில் இன்று கான்கிரீட் மாடிகளும் கைப்பேசிக் கடைகளும்தான் இருந்திருக்கும்.

காசு வந்தது 2004 டிசம்பர் 26-க்குப் பிறகு. ஆழிப்பேரலை முதலில் அடித்தது மீனவர் தெருக்களைத்தான். உயிரோடு மிஞ்சியவர்களில் பலருக்குக் கரையைவிட்டுத் தள்ளிப் புது வீடுகள் கிடைத்தன. அந்த ஆண்டுகளில் மரபுக் கட்டடங்களுக்கும் உதவி வந்தது: இன்டாக் அமைப்பு தட்டார் தெருவின் பழைய ஓட்டு வீடுகளைச் சீர் செய்தது, டென்மார்க்கின் தேசிய அருங்காட்சியகம் ஆளுநர் மாளிகைப் பணியில் கைகொடுத்தது. வேலை நேர்த்தியானது. சுண்ணாம்புக் காரையைப் பழைய முறையில் அரைத்துப் பூசியிருக்கிறார்கள். சிமென்ட் பூசியிருந்தால் உப்பு உள்ளே தங்கிச் செங்கல்லைத் தின்றிருக்கும். டென்மார்க்குக்குத் தன் முன்னோர் வீடு மேல் பாசம் இருப்பது இயல்பு. அவர்கள் பணத்தில் டேனிஷ் வீடு புதுசாகிறது என்று புகார் சொல்ல முடியாது. மிச்சத்துக்கு நம் பணம் எங்கே என்றுதான் கேட்க வேண்டும்.

இங்கேதான் ஒரு நடைமுறைச் சிக்கல். கோட்டை மாநிலத் தொல்லியல் துறையிடம். கோயில் அறநிலையத் துறையிடம். எருசலேம் ஆலயம் லுத்தரன் திருச்சபையிடம். பள்ளிவாசலுக்கு ஜமாத், மீனவர் தெருவுக்கு ஊர்ப் பஞ்சாயத்து. ஒரு மணி நேர நடை இத்தனை பேர் எல்லையையும் தாண்டுகிறது. இவர்கள் எல்லோரும் ஒரே மேசையில் உட்கார்ந்தால் ஒழியப் பாதை மாறாது. மயிலாடுதுறை 2020 டிசம்பரில் தனி மாவட்டமாகியிருக்கிறது. கூப்பிட்டு உட்கார வைக்க ஒரு ஆட்சியர் இருக்கிறார்.

விடிகாலையில் கோயிலருகே தொடங்கி, படகு கரையேறுவதைப் பார்த்து, வீதிகள் வழியே மேற்கே போகிற மாதிரி நடையைத் திருப்பிப் போட்டால் செலவு ஒன்றும் கூடாது. வெயிலும் முதுகில்தான் அடிக்கும். சுற்றுலாக்காரர்கள் கோட்டைக்குத்தானே வருகிறார்கள் என்பார்கள். வரட்டும், கோட்டை எங்கேயும் போகாது. மீனவர் தெருப் பிள்ளைகள் சிலரையும் வழிகாட்டிகளாகப் பயிற்றலாம், சம்பளம் கொடுத்து. முதல் நடைகளைப் பொறையாறு, திருக்கடையூர் பள்ளிப் பிள்ளைகளுக்குத் தமிழில் நடத்த வேண்டும். டான்ஸ்போர்க்கை அவர்களில் பலர் சுற்றுலாவில் பார்த்திருப்பார்கள். அழகப்பன் என்று ஒருவர் இந்த வீதியில் நடந்ததை யாரும் அவர்களுக்குச் சொல்லியிருக்க மாட்டார்கள்.