மதில் ஓரம் மட்கும் வாகனங்கள்

புதுச்சேரி, காரைக்கால் எல்லையை ஒட்டிய மாவட்டங்களில் பல காவல் நிலையங்களின் மதில் ஓரம் வரிசையாக இருசக்கர வாகனங்கள் சாய்ந்து கிடக்கின்றன. டயரில் காற்று இல்லை, பல வண்டிகளில் பேட்டரியே இல்லை. பெயின்டில் எழுதிய குற்ற எண் மட்டும் பளிச்சென்று தெரிகிறது. மதுவிலக்கு வழக்குகளில் பிடிபட்ட வண்டிகள் இப்படிக் கிடந்தால், தீர்ப்பு வரும் நாளில் காயலான் கடைக்குத்தான் போகும். வழக்கு முடியும்வரை வண்டியை உரிமையாளரிடம் ஒப்படைப்பதே பொது நடைமுறையாக வேண்டும். தர மறுக்கும் அதிகாரிதான் காரணம் எழுத வேண்டும்.

இது புதிய யோசனை அல்ல. கைப்பற்றிய வாகனங்களைக் காவல் நிலையங்களில் நீண்ட காலம் போட்டுவைப்பதால் யாருக்கும் பயனில்லை. புகைப்படம் எடுத்து, பிணைப்பத்திரம் வாங்கிக்கொண்டு விடுவியுங்கள் என்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2002-லேயே சொல்லிவிட்டது. அந்த வழக்கு வந்தது மதுவிலக்கு மாநிலமான குஜராத்திலிருந்து. அதில் குற்றம்சாட்டப்பட்டவர்கள் காவலர்கள். கைப்பற்றிய பொருள்களைக் கையாடினார்கள் என்பது புகார். பூட்டிவைத்தால் பத்திரமாக இருக்கும் என்று வாதிடுவோர் இதை நினைவில் கொள்வது நல்லது.

ஆனாலும் தமிழ்நாட்டில் வண்டி கேட்டு மனு போடுபவருக்குப் பெரும்பாலும் கிடைக்கும் பதில், “பறிமுதல் நடவடிக்கை நிலுவையில் உள்ளது” என்பதுதான். 1937-ம் ஆண்டின் தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டம், 14-வது பிரிவில், வாகனத்தைப் பறிமுதல் செய்யும் அதிகாரத்தை அதிகாரிகளுக்கும் தருகிறது. தனக்குத் தெரியாமல் வண்டி பயன்படுத்தப்பட்டது என்று உரிமையாளர் நிரூபித்தால் தப்பலாம். நிரூபிக்க அழைத்தால்தானே நிரூபிப்பார்? நோட்டீஸே வராமல் மாதங்கள் ஓடினால் அவர் யாரிடம் போய்ச் சொல்வது? வாடகைக்கு மினி வேன் ஓட்டக் கொடுத்தவர், மச்சானுக்கு பைக்கை இரவல் தந்தவர் எல்லாம் இந்தக் கிடங்கில்தான் மாட்டிக்கொள்கிறார்கள். வண்டி நின்றுபோனாலும் மாதத் தவணை நிற்பதில்லை. இன்சூரன்ஸ் காலாவதியாகிறது, எஃப்சி தேதி தாண்டிப்போகிறது.

விடுவித்தால் மறுநாளே அதே வண்டியில் சரக்கு கடத்துவார்கள் என்பது காவல் துறையின் கவலை. அதைத் தள்ளிவிட முடியாது. 2024 ஜூனில் கள்ளக்குறிச்சியில் மெத்தனால் கலந்த சாராயம் 60-க்கும் மேற்பட்ட உயிர்களைக் குடித்தது. அப்படிப்பட்ட சரக்கை ஏற்றிய வண்டிக்கும், ரகசிய அறை வைத்துக் கட்டிய வண்டிக்கும், இரண்டாம் முறை பிடிபட்ட வண்டிக்கும் இந்தத் தலையங்கம் பரிந்து பேசவில்லை. ஆனால், புதுச்சேரி பாட்டில்களோடு சிக்கிய ஸ்கூட்டரையும் மெத்தனால் வேனையும் ஒரே தராசில் வைப்பதை ஏற்க முடியாது. 2003 முதல் டாஸ்மாக் வழியாகத் தானே சில்லறை வியாபாரம் செய்யும் அரசுக்கு, 1937-ல் ராஜாஜி பூரண மதுவிலக்குக்காகக் கொண்டுவந்த சட்டத்தை அதே வேகத்தில் வீசும் தார்மிக வலு எங்கிருந்து வருகிறது?

பிகார் வேறொரு வழி கண்டுபிடித்தது. 2016-ல் மதுவிலக்கு வந்த பிறகு வாகனங்களை மீட்கும் மனுக்கள் பாட்னா உயர் நீதிமன்றத்தில் குவிந்தன. பிறகு அபராதம் கட்டினால் வண்டியைத் தரலாம் என்று சட்டத்தைத் திருத்தினார்கள். முதலில் காப்பீட்டு மதிப்பில் பாதி வரை, பின்னர் 10 சதவீதம். மேலோட்டமாகப் பார்த்தால் சலுகை. உண்மையில் குற்றம் நிரூபணமாகும் முன்பே வசூலிக்கும் கப்பம். கையில் காசுள்ள கடத்தல்காரர் அன்றே கட்டிவிட்டுப் போவார், ஆட்டோக்காரர் கடன் வாங்குவார். தமிழ்நாடு இதைக் காப்பியடிக்கக் கூடாது.

கஞ்சா வழக்குகளிலேயே, குற்றத்தில் தொடர்பில்லாத உரிமையாளரிடம் வாகனத்தை இடைக்காலமாக ஒப்படைக்கச் சட்டத்தில் தடையில்லை என்று உச்ச நீதிமன்றம் 2025-ல் தெளிவுபடுத்தியிருக்கிறது. 2024 ஜூலை முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 497-வது பிரிவு, கைப்பற்றிய பொருளின் விவர அறிக்கையை 14 நாள்களில் தயாரித்து, அடுத்த 30 நாள்களுக்குள் அதை என்ன செய்வதென்று நீதிமன்றம் உத்தரவிட வேண்டும் என்கிறது. மதுவிலக்கு வழக்குக்கு மட்டும் ஏன் இந்தக் கெடு இல்லை?

14-வது பிரிவை அரசு திருத்த வேண்டும். வண்டி பிடிபட்ட 30 நாள்களுக்குள் உரிமையாளருக்கும் கடன் கொடுத்த நிறுவனத்துக்கும் நோட்டீஸ், மூன்று மாதத்துக்குள் இறுதி உத்தரவு. இரண்டில் ஒன்று தவறினாலும் வண்டியின் மதிப்புக்குப் பிணைப்பத்திரம் வாங்கிக்கொண்டு நீதித்துறை நடுவர் விடுவிக்கலாம் என்று எழுத வேண்டும். ஏலம் விட்ட பிறகு வழக்கிலிருந்து விடுதலையானவருக்கு, ஏலத் தொகையை அல்ல, பிடித்த நாளில் வண்டிக்கு இருந்த மதிப்பை அரசு தர வேண்டும். அந்தச் செலவு தன் கணக்கில் ஏறும் என்று தெரிந்தால், கோப்பு இவ்வளவு நாள் மேஜையில் தூங்காது.